அழுகைக் கோச்சி

இலங்கையின் மலையகத் தோட்டங்களில் ரயிலைக் கோச்சி என்பார்கள். பதுளைக் கோச்சி, கொழும்புக் கோச்சி, ராக்கோச்சி என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு பெயர் இருந்தது. 1970களில் இந்தியாவுக்குக் கப்பலேற வேண்டியவர்களைத் தலைமன்னாருக்கு ஏற்றிக்கொண்டு போன வண்டிக்குத் தோட்டத்து ஜனம் வைத்த பெயர் அழுகைக் கோச்சி. பதுளை, நானுஓயா, தலவாக்கலை, அட்டன் என்று அது நின்ற ஸ்டேஷன்களில் ஏறுகிறவர்களைவிட வழியனுப்ப வந்தவர்கள்தான் அதிகம். ஒரு குடும்பம் புறப்பட்டால் வரிசை வீடுகளான லயமே கிளம்பி வந்துவிடும். அன்றைக்குப் பேர் விழாது, அரை நாள் சம்பளம்கூடக் கிடையாது என்று தெரிந்தே கொழுந்துக் கூடையைக் காம்பராவில் கவிழ்த்து வைத்துவிட்டு வந்தவர்கள் அவர்கள்.

தமிழ்நாட்டின் நீலகிரியில், கோத்தகிரிக்குப் பக்கத்தில், அரசுத் தேயிலைத் தோட்டக் கழகமான டான்டீயின் குடியிருப்பு ஒன்றில் வசிக்கும் பெண்மணி ஒருவர், அட்டன் ஸ்டேஷனில் அப்படி ஏறியபோது சிறுமி. நல்ல விவரம் தெரிந்த வயசு. பேரப்பிள்ளைகள் கேட்டால் இன்றைக்கும் எதையும் விடாமல் சொல்கிறார். ஆனால் கதையை அவர் ஸ்டேஷனிலிருந்து தொடங்குவதே இல்லை. அப்பா ஒரு ராத்திரி குப்பி லாம்பு வெளிச்சத்தில் ஒரு விண்ணப்பப் பாரத்தை விரித்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்ததிலிருந்துதான் தொடங்குகிறார். அதுதான் சரி. அந்தக் குடும்பங்களின் பிரிவு ரயிலடியில் நடக்கவில்லை. வருஷக்கணக்கில் முன்னாலேயே, காகிதத்தில் நடந்து முடிந்திருந்தது.

1948இல் சுதந்திரம் கிடைத்த கையோடு இலங்கை கொண்டுவந்த குடியுரிமைச் சட்டம், தோட்டத் தமிழர்களில் மிகப் பெரும்பாலோரை நாடற்றவர்களாக்கியது. கோப்பிக் காலத்தில் மன்னார்க் கரையில் இறங்கி மாத்தளைவரை காட்டு வழியே நடந்த கொள்ளுத்தாத்தாவுக்குப் பிறப்புச் சான்றிதழ் எங்கே இருக்கும்? பேரன் அட்டனிலோ அப்புத்தளையிலோ பிறந்தவன்தான். அதை மூன்று தலைமுறைக்கு நிரூபிக்கச் சொன்னால் அவன் எந்தப் பெட்டியைத் திறப்பான்? 1964 அக்டோபர் 30ஆம் தேதி டெல்லியில் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் லால் பகதூர் சாஸ்திரியும் ஓர் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டார்கள். மொத்தம் 9,75,000 பேர் என்று கணக்கு. அதில் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு. மிச்சம் 1,50,000 பேரைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டார்கள். 1974இல் அவர்களையும் ஆளுக்கு 75,000 என்று இரண்டு அரசுகளும் பாதியாகப் பிரித்துக்கொண்டன. பிரிக்கப்பட்டவர்களை யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. தொழிற்சங்கத் தலைவர் சௌமியமூர்த்தி தொண்டமான் எதிர்த்துப் பேசிப் பார்த்தார். ஒப்பந்தம் அப்படியே நின்றது.

பிறகு விண்ணப்பம் கொடுக்கச் சொன்னார்கள். இலங்கைப் பிரஜையாக இருக்கிறேன் என்று எழுதிக் கொடுத்தவர்கள், ஒதுக்கிய 3,00,000 இடத்தைத் தாண்டி எவ்வளவோ பேர். தோட்டத்து மக்களுக்கு எங்கே இருக்க மனசு இருந்தது என்பதற்கு வேறு சாட்சி தேவையில்லை.

அந்தச் சிறுமியின் வீட்டில் நாலைந்து ராத்திரி வாக்குவாதம் நடந்தது. அப்பாவுக்குப் போக மனசு. திருச்சிப் பக்கம் ஏதோ ஒரு கிராமத்தின் பெயரை அவருடைய தாத்தா சொல்லிக் கேட்டிருக்கிறார். அப்பா அதைக் கண்ணால் பார்த்ததில்லை. அம்மாவுக்கு இஷ்டமில்லை. அக்காவை அடுத்த டிவிசனில் கட்டிக் கொடுத்திருந்தார்கள். மாப்பிள்ளை வீட்டார் இலங்கைக்கு எழுதிக் கொடுத்துவிட்டார்கள். "மூத்தவளை இங்கே விட்டுட்டு நான் எந்த மகராசன் ஊருக்குப் போறது?" என்று அம்மா அடுப்பைப் பார்த்தபடியே கேட்டதும், அப்பா வாயைத் திறக்காமல் வாசல் இஸ்தோப்பில் போய் உட்கார்ந்ததும் அந்தப் பெண்மணிக்கு நினைவிருக்கிறது. இது அந்த ஒரு வீட்டுக் கதையல்ல. அண்ணன் இந்தியாவுக்கு, தம்பி இலங்கைக்கு. பெற்றவர்கள் இந்தியாவுக்கு, கட்டிக் கொடுத்த பெண் இலங்கைக்கு. லயத்துக்கு லயம் இதே கதைதான்.

அப்பாவின் பக்கம் தராசைச் சாய்த்தது பசி. 1973, 1974இல் தோட்டங்களில் பஞ்சம். கூப்பன் அரிசி குறைந்தது, கோதுமை மாவு யானை விலை விற்றது. மரவள்ளியும் காட்டுக் கீரையும் தின்று பொழுதைக் கழித்தார்கள். அதே ஆண்டுகளில்தான் நிலச் சீர்திருத்தச் சட்டங்களால் தோட்டங்கள் கைமாறின. பல இடங்களில் வேலை நாளும் குறைந்தது. குழந்தைகள் காப்பகமான பிள்ளைக் காம்பராவில் பால் மாவு கரைத்துக் கொடுப்பது நின்ற வாரத்தில் அம்மா எதிர்த்துப் பேசுவதை நிறுத்திவிட்டார். போவது என்று முடிவானது இப்படித்தான். அதை விருப்பம் என்று பதிந்துகொண்ட எந்த ஏட்டிலும் அந்தப் பால் மாவு இருக்காது.

அதன் பிறகு காத்திருப்பு. கண்டியில் இருந்த இந்திய அலுவலகத்துக்குப் போட்டோ எடுக்கப் போனார்கள், கைரேகை வைக்கப் போனார்கள், விட்டுப்போன ஒரு பெயரைச் சேர்க்கப் போனார்கள். பாஸ்போர்ட் வந்தது. ஈ.பி.எப். பணம் வரவில்லை. அது வரும்வரை கிளம்ப முடியாது. கிளம்பப் போகிறவர்கள் என்று பெயராகிவிட்டதால், கூரைத் தகரத்தில் ஓட்டை விழுந்தாலும் தோட்டத்தில் அடைத்துத் தர மாட்டார்கள். அம்மா காய்கறிப் பாத்தியில் புதிதாக எதையும் ஊன்றவில்லை. தீபாவளிக்கு வெள்ளையடிக்கவில்லை. இருக்கிற ஊரிலேயே விருந்தாளியாக வாழ்ந்த அந்த மாதங்கள், போன நாளைவிடக் கொடுமையானவை என்று அந்தப் பெண்மணி சொல்கிறார். போவது உறுதி, நாள் மட்டும் தெரியாது என்ற நிலையில் பிள்ளைகள்கூடச் சண்டை போட்டுக்கொள்ளப் பயந்தார்களாம். சமாதானமாக நாள் இருக்குமோ இருக்காதோ என்று.

தேதி வந்ததும் எல்லாம் ஓட்டமாகிவிட்டது. அட்டன் கடைத்தெருவில் இரண்டு தகரப் பெட்டி வாங்கினார்கள். தோட்டத்துத் தச்சர் ஒருவர் பழைய தேயிலைப் பெட்டிப் பலகையில் மரப்பெட்டி ஒன்று அடித்துக் கொடுத்தார். அதன் மூடியில் அப்பாவின் பெயரும் பாஸ்போர்ட் நம்பரும் வெள்ளைப் பெயிண்டில் எழுதப்பட்டன. எழுதியவர் தோட்டத்துப் பள்ளிக்கூட வாத்தியார். எழுதி முடித்ததும் சிறுமியைக் கூப்பிட்டு, மிச்சமிருந்த பெயிண்டில் பெட்டியின் உள்பக்கம் அவளுடைய பெயரையும் எழுதச் சொன்னாராம். தூரிகையைப் பிடித்து அவள் எழுதிய முதல் எழுத்து வழிந்து கீழே இறங்கிவிட்டது. அவர் துடைக்கவில்லை, காயட்டும் என்று விட்டுவிட்டார்.

எதை எடுப்பது, எதை விடுவது என்பதில்தான் ஒரு வீட்டின் மனசு தெரியும். அம்மிக்கல்லை எடுக்க முடியாது. அதை அக்காவின் வீட்டுக்கு உருட்டிக்கொண்டு போனார்கள். ஆட்டை விற்றார்கள். நாயை யாரும் விலைக்கு வாங்க மாட்டார்கள். அது பக்கத்துக் காம்பராவுக்குப் போனது. கொழுந்து எடுக்கையில் அம்மா இடுப்பில் கட்டும் படங்கையும் மழைக்குத் தலையில் போடும் கறுப்புக் கம்பளியையும் வீணாக எதற்கு என்று அப்பா கேட்டார். அம்மா பதில் சொல்லாமல் மடித்து உள்ளே வைத்தார். அங்கேயும் தேயிலைதான் என்று அப்போது யாருக்கும் தெரியாது. தெரிந்தோ தெரியாமலோ அவர் எடுத்து வைத்த கம்பளிதான் பிற்பாடு கோத்தகிரிப் பனியில் நாலைந்து வருஷம் தாங்கியது.

கடைசி வெள்ளிக்கிழமை லயத்துக்காரர்கள் சேர்ந்து முனியாண்டிக்குப் பூசை போட்டார்கள். மலையகத்துத் தெய்வங்களுக்கும் இடப்பெயர்வுக் கதை உண்டு. அந்தக் காலத்தில் வந்தவர்கள் சொந்த ஊர்க் கோயிலின் பிடிமண்ணைக் கொண்டுவந்து தேயிலை மலையடியில் வைத்துக் கும்பிட்டார்கள். வந்த இடத்தில் புதுத் தெய்வங்களும் பிறந்தன. தேயிலை ஸ்டோர் எந்திரத்துக்கு ரோதைமுனி, கவ்வாத்து வெட்டும் காலத்துக்குக் கவ்வாத்துசாமி. பூசை முடிந்ததும் அப்பா குனிந்து முனியாண்டியின் காலடி மண்ணில் ஒரு பிடி அள்ளி மஞ்சள் துணியில் முடிந்துகொண்டார். அம்மாயியைப் புதைத்த இடத்துக்கு அம்மா மட்டும் தனியாகப் போய்வந்தார். அங்கே என்ன சொன்னார், எவ்வளவு நேரம் இருந்தார் என்பதை மகள்களிடம்கூடச் சொன்னதில்லை.

ஸ்டேஷனில் நடந்ததை அந்தப் பெண்மணி துண்டு துண்டாகத்தான் சொல்கிறார். பெரியவர்கள் முதலில் சிரித்துப் பேசிக்கொண்டிருந்தார்கள். ரொட்டியும் கட்டச்சம்பலும் வாழையிலையில் கட்டி ஆளாளுக்குக் கொடுத்தார்கள். ஒரு வாரத்துக்குத் தின்றாலும் தீராது. கிழவி ஒருத்தி ஐந்து ரூபாய்த் தாளை நாலாக மடித்து அம்மாவின் கைக்குள் திணித்தாள். கோச்சியின் புகை வளைவில் தெரிந்ததும் யாரோ ஒரு பெண் ஒப்பாரியை எடுத்துவிட்டாள். சாவு வீட்டில் அழுகிற அதே ராகம். அதன் பிறகு அழாதவர்கள் இல்லை. கொழுந்து நிறுக்கையில் எல்லாரையும் வைகிற கணக்கப்பிள்ளைகூடத் துண்டால் முகத்தைப் பொத்திக்கொண்டு தண்ணிக் குழாய்ப் பக்கம் ஒதுங்கி நின்றாராம்.

அக்கா அழவில்லை. கைக்குழந்தையை ஜன்னல் வழியாக அம்மாவிடம் நீட்டினாள். அம்மா வாங்கி மடியில் வைத்துக்கொண்டார். வண்டி நகர ஆரம்பித்தபோதும் திருப்பிக் கொடுக்கவில்லை. அக்கா ஜன்னலோடு நடந்தாள், பிறகு ஓடினாள். "அம்மா, புள்ளையைக் கொடும்மா" என்று கேட்டாளே தவிர பிடுங்கவில்லை. பிளாட்பாரம் முடிகிற இடத்துக்குக் கொஞ்சம் முன்னால் அப்பாதான் குழந்தையைத் தூக்கி வெளியே கொடுத்தார். அந்த நொடியை நினைத்தால் இன்றைக்கும் வயிறு புரட்டுகிறது என்கிறார் அந்தப் பெண்மணி. அம்மா அதற்கப்புறம் நாவலப்பிட்டிவரை அப்பாவின் முகத்தைப் பார்க்கவில்லை.

கம்பளை, பேராதனைச் சந்தி, கடுகண்ணாவை என்று வண்டி இறங்க இறங்க மலை பின்னால் போனது. பொல்காவலையில் இறங்கித் தலைமன்னார் வண்டிக்கு மாறினார்கள். மாகோ, அனுராதபுரம், மதவாச்சி எல்லாம் தூக்கத்தில் கடந்தன. விடிந்தபோது ஜன்னலுக்கு வெளியே முள்ளும் மணலும் பனையுமாக இருந்தது. பிறந்ததிலிருந்து தரையைச் சாய்வாகவே பார்த்த பிள்ளைகள், பாய் விரித்தது போல் கிடந்த அந்த நிலத்தைப் பார்த்து மிரண்டுபோனார்கள். தலைமன்னார்த் துறையில் சாமான்களைப் பிரித்துக் காட்டச் சொன்னார்கள். தச்சர் அடித்துக் கொடுத்த மரப்பெட்டி கம்பியால் நெம்பித் திறக்கப்பட்டது. ஆணி திரும்பச் சரியாக இறங்கவில்லை. கயிற்றால் சுற்றிக் கட்டினார்கள்.

1964 டிசம்பர் புயல் தனுஷ்கோடியை அழித்த பிறகு கப்பல் இராமேசுவரத்துக்குத்தான் ஓடியது. அந்த ஆண்டுகளில் ஓடிய கப்பலின் பெயர் இராமானுஜம். நடுவே கிடப்பது சின்னக் கடல்தான். மேல்தட்டில் நின்றவர்கள் இலங்கைக் கரை மறைகிறவரை அந்தப் பக்கமே பார்த்தார்களாம். மறைந்த பிறகுதான் மறுபக்கம் திரும்பினார்களாம். அம்மா திரும்பவே இல்லை. வாந்தி எடுத்துக் களைத்துப்போய், தூணில் சாய்ந்து கண்ணை மூடிக்கொண்டார். இராமேசுவரம் கோபுரம் தெரிந்ததும் அப்பா இரண்டு கையையும் தலைக்கு மேல் குவித்தார். அவருடைய சந்தோஷமும் பொய்யில்லை. தாத்தாவின் வாயால் கேட்ட மண்ணை முதன்முதலாகப் பார்க்கிற மனுஷனின் சந்தோஷம் அது. ஒரே குடும்பம், ஒரே கப்பல். ஒருவருக்கு வந்து சேர்ந்த நாள், இன்னொருவருக்கு இழந்த நாள். இதைப் புரிந்துகொள்ள அந்தச் சிறுமிக்கு அவளும் ஒரு தாயாகிற வரைக்கும் ஆயிற்று.

ரயிலேறிப் பாம்பன் பாலத்தைக் கடந்து மண்டபம் முகாமுக்கு வந்தார்கள். வெள்ளைக்காரன் காலத்தில் இலங்கைத் தோட்டங்களுக்குப் போகிறவர்களை நோய் பார்த்து அனுப்புவதற்காக நிறுத்தி வைத்த இடமும் அதே மண்டபம்தான். போகும்போது தாத்தன் தங்கிய முகாமில் வரும்போது பேரன் தங்கினான். குடும்ப அட்டை என்று ஒன்று அங்கே கொடுத்தார்கள். பிற்காலத்தில் ரேஷன், சாதிச் சான்றிதழ், வேலை, கடன் என்று எதற்குப் போனாலும் முதலில் கேட்கப்பட்டது அந்த அட்டைதான். பலருக்கு வியாபாரக் கடன் என்று ஒரு தொகையை எழுதி, முன்பின் தெரியாத ஊர்களுக்கு அனுப்பினார்கள். கொழுந்து கிள்ளத் தெரிந்தவர்கள் மளிகைக் கடை வைத்து என்ன செய்வார்கள்? கடன் கரைந்ததும், மலை எங்கே இருக்கிறது என்று விசாரித்துக்கொண்டு நீலகிரிக்கும் கொடைக்கானலுக்கும் ஏறினார்கள். கொடைக்கானல் காடுகளில் சிலர் கொத்தடிமைகளாகவே மாட்டிக்கொண்டார்கள். வந்தவர்களுக்கு வேலை கொடுப்பதற்காகத் தமிழ்நாடு அரசு 1968இல் நீலகிரியில் தேயிலை நட ஆரம்பித்தது. 1976இல் அது டான்டீ என்ற தேயிலைத் தோட்டக் கழகமானது. கோத்தகிரி, குன்னூர், கூடலூர், பந்தலூர், சேரம்பாடி, நெல்லியாளம் எல்லாம் அப்படி உருவான குடியிருப்புகளைக் கொண்டவை. இந்தக் குடும்பத்துக்கு அதிர்ஷ்டம் இருந்தது. மண்டபத்திலிருந்தே கோத்தகிரிக்கு உத்தரவு கிடைத்தது.

அங்கே வந்து சேர்ந்த அன்று அம்மா ஒரு தேயிலைச் செடியின் முன்னால் நின்று, ஒரு கொழுந்தைக் கிள்ளி முகர்ந்து பார்த்தார். மகிழவுமில்லை, அழவுமில்லை. "இது பிஞ்சு மரம். வாது போட இன்னும் நாளாகும்" என்றார். புது ஊரைப் பற்றி அவர் சொன்ன முதல் வார்த்தை தொழிலைப் பற்றியதாக இருந்ததில்தான் அந்த மக்களின் திடம் இருக்கிறது. இலங்கையில் அவர்களை இந்தியாக்காரன் என்றார்கள். நீலகிரியில் சிலோன்காரர்கள் என்று ஒதுக்கினார்கள். பள்ளிக்கூடத்தில் டீயைத் "தேத்தண்ணி" என்று சொன்னதற்காகப் பெஞ்சே சிரித்தது. இரண்டு பக்கத்துப் பேச்சையும் கேட்டுக்கொண்டே காட்டைத் திருத்தித் தோட்டமாக்கிக் கொடுத்தவர்கள் அவர்கள்.

பிரிவைத் தாங்க உதவியது ரேடியோ. இலங்கை வானொலியின் தமிழ்ச் சேவை கடல் தாண்டிக் கேட்கும். சாயங்காலமானால் குடியிருப்பில் எங்கேயாவது அறிவிப்பாளர் கே.எஸ். ராஜாவின் குரல் ஓடிக்கொண்டிருக்கும். பாட்டுக்காகக் கேட்டவர்கள் தமிழ்நாடு முழுக்க இருந்தார்கள். இவர்கள் மரண அறிவித்தலுக்காகவும் கேட்டார்கள். அட்டன், பொகவந்தலாவை, மஸ்கெலியா என்று ஓர் ஊர்ப்பெயர் வந்தால் கைவேலையை நிறுத்திவிட்டுக் காதைத் தீட்டுவார்கள். அக்காவிடமிருந்து மாதம் ஒரு கடிதம் வந்தது. 1977 ஆகஸ்டில் தமிழர்மீது நடந்த கலவரத்தின்போது நின்றது, பிறகு வந்தது. 1983 ஜூலையில் மறுபடி நின்றது. அப்பா பி.பி.சி. தமிழோசையைக் கேட்டுவிட்டு வந்து, வீட்டில் ஒன்றுமில்லை என்று பொய் சொல்வார். 1984இல் கப்பலும் நின்றுபோனது. அதுவரை, முடிந்தால் ஒருநாள் போய்ப் பார்த்து வரலாம் என்று ஒரு நினைப்பு இருந்தது. கையில் பாஸ்போர்ட்டோடு அந்தக் கரையில் காத்திருந்தவர்களும் அங்கேயே நின்றுபோனார்கள். அதற்குள் குழந்தைகளோடு சேர்த்து நாலரை லட்சம் பேருக்கு மேல் வந்தாகிவிட்டது.

அம்மா இறந்தபோது தந்தி கொடுத்தார்கள். அது போய்ச் சேர்ந்தது காரியமெல்லாம் முடிந்த பிறகு. அக்கா அங்கே பீலிக்கரையில் தலைமுழுகி, தன் கணவனை மொட்டையடிக்கச் சொல்லி, பழைய லயத்தார் எல்லாரையும் கூப்பிட்டு, தானும் ஒரு கருமாதி செய்தாள். அம்மாவின் அம்மிக்கல்லில்தான் அன்றைக்குச் சமையலுக்கு மசாலா அரைத்தார்களாம். இதைக் கடிதத்தில் எழுதியிருந்தாள். ஒரு உயிருக்கு இரண்டு நாட்டில் இரண்டு கருமாதி. அந்த ஒப்பந்தத்தைப் பற்றி எழுதப்பட்ட எத்தனையோ பக்கங்களில் இப்படி ஒரு விளைவுக்கு ஒரு வரி இடம் கிடைத்திருக்க வேண்டும்.

மலையகத்தில் நாடற்றவர்களாக மிஞ்சியவர்களுக்கு 2003இல் இலங்கை நாடாளுமன்றம் குடியுரிமை கொடுத்தது. இத்தனை பேரைக் கப்பலேற்றி அனுப்பியதற்குக் காரணமான சிக்கல், கடைசியில் அந்த ஊர்ச் சட்டத்தாலேயே தீர்ந்தது. இதைக் கேட்டபோது அந்தப் பெண்மணிக்கு வந்தது கோபம். அந்தக் கோபம் நியாயமானது. இலங்கையின் உள்நாட்டுப் போரில் அழிந்த தலைமன்னார் ரயில் பாதையைத் திரும்பப் போட்டு 2015இல் வண்டி விட்டார்கள். 2023இல் நாகப்பட்டினத்திலிருந்து காங்கேசன்துறைக்குக் கப்பலும் விட்டார்கள். அக்காவும் தங்கையும் இப்போது வாரா வாரம் செல்போனில் முகம் பார்த்துப் பேசுகிறார்கள். ஜன்னல் வழியாகக் கைமாறிய அந்தக் குழந்தைக்கு ஐம்பது வயசு நெருங்குகிறது. கொழும்பில் கடை வைத்திருக்கிறான்.

கோத்தகிரியில் இன்றைக்குப் பேச்செல்லாம் வேறு. டான்டீ குடியிருப்பில் இருப்பவர் ஓய்வு பெற்றால் வீட்டைக் காலி செய்ய வேண்டும் என்பது விதி. 2022இல் கழகத்தின் நிலத்தில் 2,152 ஹெக்டேரை வனத்துறைக்குத் திருப்பிக் கொடுக்கத் தமிழ்நாடு அரசு உத்தரவு போட்டது. அதன் பிறகு கவலை இன்னும் கூடிவிட்டது. மண்டபத்திலிருந்து வந்து காடு திருத்திய கைகள் ஓய்ந்துபோன வயசில், அடுத்து எங்கே என்ற கேள்வி திரும்ப வந்திருக்கிறது. நீலகிரியில் தொழிலாளர்கள் ஆர்ப்பாட்டம் செய்தார்கள், மனு கொடுத்தார்கள். ஓய்வு பெற்றவர்களுக்கு வீடு தருவதாக அரசு சொல்லியிருக்கிறது. அந்தப் பெண்மணியும் மனு எழுதியிருக்கிறார். எத்தனை வருஷமாக இங்கே குடியிருக்கிறீர்கள் என்று ஓர் இடம் அதில் உண்டு. அங்கே தன் கையாலேயே வருஷத்தை எழுதிவிட்டு, பக்கத்தில் கேட்காத ஒரு வரியையும் சேர்த்து எழுதினார்: இந்த முறை எங்களைக் கேட்டுவிட்டு முடிவு செய்யுங்கள்.